மாநில மலரும் மாடிவீட்டு அப்பத்தாவும்

தமிழ்நாட்டில் அரசாங்க வேலைக்கு மனுப் போட்ட எந்த இளைஞனையும் நடுராத்திரி தட்டி எழுப்பி, "மாநில மலர்?" என்று கேட்டுப் பாருங்கள். கண்ணைத் திறக்காமலே "செங்காந்தள்" என்பான். "மாநில விலங்கு?" "வரையாடு." "மாநிலப் பறவை?" "மரகதப்புறா." சொல்லிவிட்டு மறுபடி குறட்டை விடப் போய்விடுவான்.

ஆனால், "அந்தப் பூவைப் பார்த்திருக்கிறாயா?" என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். தூக்கம் போய்விடும்.

வரையாட்டைப் பார்க்காததற்கு மன்னிப்பு உண்டு. அது மலை உச்சியில், செங்குத்துப் பாறையில், லீவு லெட்டர் கொடுக்காமல் உலாத்துகிற பிராணி. பூவுக்கு என்ன கேடு? எங்கள் ஆபீஸில் பதினாலு பேர். ஒரு மத்தியானம் டீ நேரத்தில் எல்லாரையும் விசாரித்தேன். "செம்பருத்தியோட ஒண்ணுவிட்ட தங்கச்சி" என்றார் ஒருவர். "அகர்பத்தி பாக்கெட்ல பார்த்திருக்கேன்" என்றார் இன்னொருவர். காஷியர் மட்டும் ரொம்ப யோசித்துவிட்டு, "நாலு ஆப்ஷன் குடுத்தீங்கன்னா கரெக்டா சொல்லிடுவேன் ஸார்" என்றார்.

கபிலர் குறிஞ்சிப்பாட்டில் 99 பூக்களை மூச்சுவிடாமல் அடுக்குகிறாரே, அந்த லிஸ்டில் முதல் பெயர் காந்தள்தான். சங்கப் புலவர்கள் பெண்களின் விரலைப் பார்த்தால் காந்தளைச் சொன்னார்கள், காந்தளைப் பார்த்தால் விரலைச் சொன்னார்கள். 1753-ல் லின்னேயஸ் இதற்கு 'குளோரியோசா சூப்பர்பா' என்று பெயர் வைத்தார். புகழும் பெருமிதமும் ஒரே பெயரில். ஜிம்பாப்வே நாட்டுக்கு இது தேசிய மலர். அந்த நாடு தென் ரொடீஷியாவாக இருந்தபோது, 1947-ல் இளவரசி எலிசபெத்துக்கு இந்தப் பூ வடிவத்தில் வைர ப்ரூச் செய்து பிறந்தநாள் பரிசாகக் கொடுத்தார்கள். இவ்வளவு பெரிய இடத்துச் சம்பந்தம் உள்ள பூ, நமக்கு வெறும் ஒரு மார்க்!

இதை வீட்டில் வளர்த்துப் பார்த்துவிடுவது என்று 2023-ல் ஓர் ஆசை வந்தது. ஆசைக்கும் எனக்கும் நடுவே நின்றது நிழல்.

நான் குடியிருப்பது மதுரையின் ஓரத்தில், ஒரு மாடிவீட்டின் கீழ்ப் போர்ஷன். சுவருக்கும் காம்பவுண்டுக்கும் நடுவே நாலடி அகலத்துக்கு ஒரு சந்து. அதன் மேலே பக்கத்து வீட்டு வேப்பமரம் உரிமையோடு குடை பிடித்துக்கொண்டு நிற்கும். காலையில் எட்டரையிலிருந்து பத்தரை வரை, சல்லடையில் சலித்த மாதிரி கொஞ்சம் வெயில். அப்புறம் நாள் முழுக்க நிழல்தான். எனக்கு முன்னால் இருந்தவர் அங்கே ரோஜா வைத்தாராம். அது குச்சியாகவே இருந்து குச்சியாகவே காலமானது. மல்லிகை வைத்தாராம், அது கீரை மாதிரி இலையாகத் தள்ளியதே தவிர, ஒரு மொட்டு விடவில்லை.

இந்தச் சந்தைப் பற்றி எங்கள் ஆபீஸ் மூலனூர் நண்பரிடம் புலம்பினேன். மூலனூர், தாராபுரம், ஒட்டன்சத்திரம் பக்கமெல்லாம் காந்தளை வயலிலேயே பயிர் பண்ணுகிறார்கள். பூவுக்காக அல்ல, விதைக்காக. விதை மருந்துக் கம்பெனிகளுக்குப் போகிறது. அங்கே அதற்குப் பேர் கண்வலிக்கிழங்கு. நண்பரின் அப்பாவும் அதைப் பயிர் செய்கிறவர்.

"நெழல்தானுங்க, ஒண்ணும் மோசமில்லைங்க" என்றார் நண்பர். "இது காட்டோரத்துச் செடிங்க. பொதருக்குள்ள மொளைச்சு, பொதரையே புடிச்சு ஏறித் தலையை மட்டும் வெளிய நீட்டுமுங்க. காலு நெழல்ல இருக்கோணும், தலை வெளிச்சத்துல இருக்கோணும். நம்ம மானேஜர் ஸீட்டுக்கு அடியில ஃபுட் ரெஸ்ட், மேல ட்யூப்லைட்டு இருக்குதுல்லீங்க, அது மாதிரி."

"உங்க அப்பா முழு வெயில்லதானே போட்டிருக்கார்?"

"அவருக்குக் காய் வேணுமுங்க. கிலோக் கணக்குல வேணும். உங்களுக்கு நாலு பூ போதுமில்லீங்க?"

போதும் என்றேன்.

அடுத்த திங்கட்கிழமை ஊரிலிருந்து வந்தவர், பழைய நியூஸ் பேப்பரில் சுற்றி, பாலிதீன் பையில் போட்டு, அதை இன்னொரு பையில் போட்டு, ஏதோ ஆபீஸ் ரகசியத்தை ஒப்படைக்கிற மாதிரி நீட்டினார்.

"எதுக்கு இவ்வளவு பந்தோபஸ்து? டிபன் கேரியர்ல போட்டுக் கொண்டுவந்திருக்கலாமே?"

நண்பர் சிரிக்கவில்லை. "வேடிக்கைக்குக்கூட அப்படிச் சொல்லாதீங்க. இது அத்தனையும் வெஷமுங்க. கெழங்கு, வெதை, தண்டு, எலை எல்லாமே. கையில உறை போட்டுக்கிட்டுத் தொடுங்க. தொட்டா சோப்புப் போட்டுக் கையைக் கழுவுங்க."

பிரித்துப் பார்த்தேன். விரல் பருமனில், பூமராங் மாதிரி வளைந்து, இரண்டு கை விரித்த கிழங்கு. கலப்பை மாதிரி இருப்பதால் கலப்பைக்கிழங்கு என்றும் ஒரு பேர். வாழைத்தண்டு மாதிரி மொறுமொறுப்பானது, டப்பென்று ஒடிந்துவிடும். ஒவ்வொரு கையின் நுனியிலும்தான் முளைக்கும் கண் இருக்கிறது. அது போனால் அந்தக் கை அவ்வளவுதான். உருளைக்கிழங்கு மாதிரி எங்கே வேண்டுமானாலும் முளைக்கிற தாராள மனசு இதற்குக் கிடையாது.

"இது சின்னக் கெழங்குங்க. இந்த வருஷம் பூக்காதுங்க. கொடி மட்டும்தான் வரும். அடுத்த வருஷம் பாக்கலாமுங்க" என்று முன்கூட்டியே சொல்லிவிட்டார் நண்பர். விதை போட்டு வளர்ப்பதாக இருந்தால் பூவைப் பார்க்க மூணு நாலு வருஷம் ஆகுமாம். அதற்கு இது எக்ஸ்பிரஸ்.

ஆனி மாசக் கடைசியில் நட்டேன். சந்தில் மழைத்தண்ணீர் தேங்கும் என்பதால் தரையில் வைக்காமல் பெரிய சிமெண்டுத் தொட்டி. அடியில் ஓட்டை, ஓட்டை மேல் செங்கல் துண்டுகள். அதற்கு மேல் செம்மண், மணல், வேப்பஞ்சருகு மக்கின குப்பை. கிழங்கைக் குழந்தையைத் தொட்டிலில் போடுகிற மாதிரி படுக்க வைத்து, மேலே மூணு அங்குலம் மண். இந்தச் செடி தண்ணீர் கேட்கும். ஆனால் தேங்கின தண்ணீரில் அழுகிவிடும். பக்கத்தில் ஒரு காய்ந்த விராலிக் குச்சியை நட்டு வைத்தேன், பிடித்து ஏற.

மூணு வாரத்தில் பச்சையாக ஒரு கூர்முனை எட்டிப் பார்த்தது. அப்புறம் வேகம்தான். இந்தக் கொடிக்குத் தனியாகப் பற்றுக்கம்பி கிடையாது. இலையின் நுனியே சுருண்டு, கிடைத்ததைப் பிடித்துக்கொள்கிறது. விராலிக் குச்சியைப் பிடித்தது. அது முடிந்ததும் வேப்பங்கிளையைப் பிடித்தது. மாடி வீட்டுக்குப் போகும் கேபிள் ஒயரையும் பிடித்தது. நாலடி, அஞ்சடி போனது. பூக்கவில்லை. மார்கழியில் மஞ்சளாகி, சருகாகி, ஒருநாள் காற்றில் விழுந்துவிட்டது.

தொட்டியில் மிச்சம், மண்.

ஹவுஸ் ஓனர் வாடகைக்கு வந்தார். எட்டிப் பார்த்தார்.

"என்ன தம்பி, செத்துப்போச்சா?"

"இல்லை ஸார். தூங்குது."

"எப்ப முழிக்கும்?"

"ஆடியில."

"ஆறு மாசமா?" என்றார். அவர் ரிடயர்ட் ஆன மனுஷர். தமக்குக் கிடைக்காத வசதி ஒரு கிழங்குக்குக் கிடைக்கிறதே என்ற ஏக்கம் குரலில் தெரிந்தது. "எதுக்கு தம்பி இதெல்லாம்? தொட்டியைத் தூக்கிட்டு, சந்து பூராவும் சிமெண்டு போட்டுடறேன். டூவீலர் நிறுத்தலாம்."

"ஆடி வரைக்கும் டயம் குடுங்க ஸார்."

"ஆடிக்கு மேல ஒரு நாள் கிடையாது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

செடி வளர்ப்பில் ரொம்பக் கஷ்டமான வேலை எது என்று கேட்டால், சும்மா இருப்பதுதான் என்பேன். தை முதல் வைகாசி வரை இந்தத் தொட்டிக்குத் தண்ணீர் ஊற்றக் கூடாது. கிளறிப் பார்க்கக் கூடாது. மண்ணுக்குள் நடப்பது நமக்குத் தெரியாது. பழைய கிழங்கு தன்னிடம் இருந்ததை எல்லாம் கொடிக்குக் கொடுத்துவிட்டுச் சுருங்கிப்போகிறது. அந்தக் கொடி சம்பாதித்ததில் புதுக் கிழங்கு ஒன்று அதே இடத்தில் உருவாகி, அடுத்த மழைக்குக் காத்திருக்கிறது. வெளியே பார்க்கிறவனுக்கு அது காலித் தொட்டி. அக்கம்பக்கத்தார் அதில் டீத்தூள் கொட்டினார்கள். ஒரு பூனை அதை வேறு விதமாக உபயோகிக்க வந்தது. நான் மேலே ஒரு முறத்தைக் கவிழ்த்து வைத்தேன்.

2024 ஆனியில் மழை பெய்தது. முறத்தை எடுத்துப் பார்த்தால், ஒன்றுக்கு இரண்டாக முளை! ஹவுஸ் ஓனர் வந்தார். முளையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். வாடகையை எண்ணிக்கொண்டு பேசாமல் போய்விட்டார்.

இனிமேல் கவலையில்லை என்று நினைத்தபோதுதான் மாடி வீட்டு அப்பத்தா படியிறங்கி வந்தார்.

மாடிக்கு அந்த வருஷ வைகாசியில் ஒரு குடும்பம் புதிதாக வந்திருந்தது. கணவன், மனைவி, நாலு வயசில் ஒரு பையன், திண்டுக்கல் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்த அப்பத்தா. பையன் கண்ணில் பட்டதை எல்லாம் முதலில் வாயில் போட்டுப் பார்த்துவிட்டு, அப்புறம்தான் அது என்னவென்று கேட்பான்.

அப்பத்தா சந்தில் காயப்போட்ட சேலையை எடுக்க வந்தவர், கொடியின் இலை நுனியைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார்.

"ஏந்தம்பி, இது கண்வலிக்கெழங்குல்ல?"

"ஆமாங்க. நம்ம மாநில மலர்" என்றேன், பெருமையாக.

"மாநிலமோ, மதுரையோ. புள்ள இருக்கிற வீட்ல இதை என்னத்துக்கு வச்சிருக்க?" என்றார். சேலையை எடுக்காமலே மாடிக்குப் போய்விட்டார்.

அன்று சாயங்காலம் பையனின் அப்பா வந்தார். நல்ல மனுஷர். உட்கார்ந்து, காபி குடித்து, கிரிக்கெட் பேசி, கடைசியில் விஷயத்துக்கு வந்தார். "தப்பா எடுத்துக்காதீங்க ஸார். அம்மா ராத்திரி தூங்க மாட்டேங்குறாங்க."

நான் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. அவர் சொன்னது அத்தனையும் சரி. இந்தச் செடியில் இருக்கும் விஷத்துக்குப் பேர் கால்ச்சிசின். அதுவே மருந்தும்கூட. எங்கள் மானேஜருக்குக் கால் கட்டைவிரல் வீங்கி, செருப்புப் போட முடியாமல், ஃபைலைத் தூக்கி எறிகிற நாட்கள் உண்டு. கௌட் என்கிற வாதம். அதற்கு டாக்டர் கொடுக்கிற பொடி மாத்திரை கால்ச்சிசின்தான். அரை மில்லிகிராம். அமெரிக்காவில் 2023-ல் இருதய நோய்க்கும் இதைக் குறைந்த அளவில் கொடுக்க அனுமதி வந்திருக்கிறது. ஆனால் உயிர் காக்கிற அளவுக்கும் உயிர் எடுக்கிற அளவுக்கும் நடுவே இடைவெளி ரொம்பச் சின்னது. உடம்பில் செல்கள் பிரிந்து பெருகுவதையே இது நிறுத்திவிடுகிறது. தின்ற உடனே ஒன்றும் தெரியாது. சில மணி நேரம் கழித்துத்தான் வாந்தியும் பேதியும் ஆரம்பிக்கும். அப்புறம் உடம்புக்குள் ஒவ்வொன்றாக வேலை நிறுத்தம். நேராக முறிக்கிற மாற்றுமருந்து என்று ஆஸ்பத்திரிகளில் கைவசம் எதுவும் இருப்பதில்லை.

பூவா, பிள்ளையா என்றால் பிள்ளைதான். இதில் யோசிக்க என்ன இருக்கிறது? "ஞாயித்துக்கிழமை தொட்டியோட கொண்டுபோயிடச் சொல்றேன் ஸார்" என்றேன். மூலனூர் நண்பருக்குப் போன் செய்தேன். "செரிங்க, வண்டி புடிச்சுட்டு வாரேனுங்க" என்றார். கொடி இரண்டடி வளர்ந்திருந்தது. அதைப் பார்க்காமல் இருக்க, இரண்டு நாள் பின்வாசலைத் திறக்கவில்லை.

சனிக்கிழமை ராத்திரி அப்பத்தா மறுபடியும் இறங்கி வந்தார். நாற்காலி போட்டேன். வேண்டாம் என்று வாசற்படியில் உட்கார்ந்தார்.

"எங்கண்ணன் ஒருத்தன் இருந்தான் தம்பி. எனக்கு அப்ப எட்டு வயசு, அவனுக்குப் பதிமூணு. மழை தண்ணி இல்லாத வருசம். ஆடு மேய்க்கப் போனவன் வேலியோரத்துல கெழங்கு கெடைச்சிச்சுன்னு தோண்டிச் சுட்டுத் தின்னுட்டான். வள்ளிக்கெழங்குன்னு நெனைச்சிட்டான். மூணாம் நாள் போயிட்டான்."

என்ன சொல்வது என்று தெரியவில்லை. பேசாமல் இருந்தேன்.

"எனக்கும் ரெண்டு கெழங்கு எடுத்து வச்சிருந்தான், மடியில. வீட்டுக்கு வந்து குடுக்கிறதுக்குள்ள அவனுக்கு வாந்தி வந்திருச்சு."

கொஞ்ச நேரம் வேப்பமரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தப் பூவு எங்க ஊர்ல எல்லா வேலியிலயும் பூக்கும் தம்பி. கார்த்திகை மாசம் வேலி பத்தி எரியிற மாதிரி இருக்கும். எல்லாருக்கும் பூவைத் தெரியும். கெழங்கு எப்படி இருக்கும்னு அவனுக்கு ஒருத்தரும் காட்டித் தரலை. தெரிஞ்சிருந்தா தின்னிருப்பானா? இப்ப இதை நீ தூக்கிக் குடுத்துட்டா, எம் பேரனுக்கும் தெரியாமத்தானே போகும்? நாளைக்கு எந்த ஊருக்குப் போவானோ, எந்த வேலியோரம் நிப்பானோ."

"அப்ப...?"

"இருக்கட்டும். ஆனா நான் சொல்ற மாதிரிதான் இருக்கணும்."

ஐக்கிய நாட்டுச் சபையில்கூட இவ்வளவு கறாராக ஓர் ஒப்பந்தம் கையெழுத்தாகியிருக்காது. அப்பத்தாவின் ஷரத்துகள் இவை:

ஒன்று: சந்தின் வாசலுக்குக் கம்பிக் கேட். அதற்குப் பூட்டு. சாவி அப்பத்தாவின் இடுப்பில். எனக்கு வேண்டுமென்றால் கேட்டு வாங்க வேண்டும்.

இரண்டு: தொட்டிக்கு மேல் இரும்பு வலை. பூனையும் தோண்டக் கூடாது, புள்ளையும் தோண்டக் கூடாது. கொடி நுழைய மட்டும் கண் விட்டால் போதும்.

மூன்று: பறிக்கிறது, வெட்டுகிறது, மண் மாற்றுகிறது எல்லாம் பையன் பள்ளிக்கூடம் போன பிறகு. வெட்டின துண்டு ஒன்றுகூடக் கீழே கிடக்கக் கூடாது. உறை போட்ட கையால் எடுத்து மூடிய பையில்.

நான்கு: காய் விடவே கூடாது. "காய் வெடிச்சா உள்ள செவப்பு மணி மாதிரி வெதை இருக்கும். புள்ளைக கை தன்னால போகும்."

இந்த நாலாவது ஷரத்துதான் மூலனூர் நண்பருக்கு வருத்தம். வண்டியோடு வந்தவர் காலி வண்டியோடு திரும்பப் போகவேண்டியிருந்ததைவிட அதிக வருத்தம். ஏனென்றால் அவர் காந்தள் கல்யாணத் தரகர். இந்தப் பூவில் ஆறு மகரந்தத் தண்டுகள் சுற்றிலும் விரிந்து நிற்கும். ஆனால் நடுவில் இருக்கும் சூல்தண்டு, அடியிலேயே ஒடிந்த மாதிரி பக்கவாட்டில் திரும்பிக்கொண்டிருக்கும். 'இந்த மாப்பிள்ளைகளே வேண்டாம்' என்று முகத்தைத் திருப்பிக்கொண்ட பெண் மாதிரி. காட்டில் பட்டாம்பூச்சியோ தேன்சிட்டோ வந்து வேறு பூவின் மகரந்தத்தைக் கொண்டுவந்து சேர்க்க வேண்டும். வயலில் அதை நம்பி இருக்க முடியாது என்பதால், காலை வேளையில் ஆட்கள் ஒவ்வொரு பூவாகப் போய்க் கையாலேயே மகரந்தம் தொட்டு வைக்கிறார்கள். நண்பர் சின்ன வயசிலிருந்தே இந்த வேலையில் எக்ஸ்பர்ட். "ஒரே ஒரு பூவுக்காச்சும் பண்ணி வெக்கட்டுங்களா?" என்று கெஞ்சினார். அப்பத்தா சாவியைத் தடவிக்கொண்டே, "இந்த வீட்ல கன்னியாவே இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டார்.

பூட்டு மட்டும் போதாது என்று அப்பத்தா நினைத்தார். பாடம் மட்டும் போதாது என்று நான் நினைத்தேன். நாலு வயசுப் பிள்ளை கொடுக்கிற வாக்கு, கேட்டுக்குப் பூட்டாகுமா? இரண்டும் இருக்கட்டும் என்று முடிவாயிற்று. தினமும் காலையில் பையனைக் கையில் பிடித்துக்கொண்டு கம்பிக் கேட்டுக்கு இந்தப் பக்கம் நின்று அப்பத்தா பரீட்சை நடத்துவார்.

"இது என்ன?"

"காந்தள்!"

"தொடலாமா?"

"கூடாது!"

"திங்கலாமா?"

"கூடவே கூடாது!"

"பாக்கலாமா?"

"பாக்கலாம்!" என்று தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்துவான். கொடி எத்தனை இலை விட்டிருக்கிறது, எந்தக் கிளையைப் பிடித்திருக்கிறது என்றெல்லாம் அவன் ரிப்போர்ட் கொடுத்த பிறகுதான் நான் ஆபீஸ் கிளம்ப முடியும்.

ஐப்பசி முதல் வாரத்தில் மொட்டு வந்தது. பச்சையாக, தலையைக் கவிழ்த்துக்கொண்டு தொங்கியது. அப்புறம் ஒவ்வொரு நாளும் ஒரு வேஷம். முதலில் பச்சை கலந்த மஞ்சள். இதழ்கள் கீழே விரியாமல், தலைமுடியைத் தூக்கி வாரின மாதிரி மேல்நோக்கிப் புரண்டன. ஆறு இதழ். ஓரமெல்லாம் நெளிநெளியாக, தீ நாக்கு காற்றில் ஆடுகிற மாதிரி. அடியில் மஞ்சள், நுனியில் சிவப்பு. நாலைந்து நாளில் மஞ்சள் சுருங்கிச் சிவப்பு இறங்கி வந்தது. கடைசியில் முழுப் பூவும் குங்குமச் சிவப்பு. ஒரே கொடியில் மஞ்சளும் கலப்பும் சிவப்புமாக மூணு வயசுப் பூக்கள் ஒன்றாக நின்றன. வேப்பமர நிழலில், அந்த இருட்டுச் சந்தில், அதற்கு மேல் விளக்குத் தேவைப்படவில்லை.

அந்த ஸீஸனில் மொத்தம் பதினோரு பூக்கள். ஒவ்வொரு பூவும் வாடினதும் சாவியை வாங்கி, உறை மாட்டிக்கொண்டு, காய் பிடிக்கும் முன் கிள்ளிவிட்டேன்.

ஹவுஸ் ஓனர் வாடகை தேதிக்குப் பத்து நாள் முன்பே வந்துவிட்டார். கம்பிக்குள் செல்போனை நீட்டி இருபது படம் எடுத்தார். மறுநாள் காலையிலிருந்து அவருடைய சொந்தக்காரர் எல்லாருக்கும் வாட்ஸ்அப்பில் 'காலை வணக்கம்' இந்தப் பூவோடுதான் போனதாம். சிமெண்டு விஷயத்தை நான் எடுக்கவில்லை. அவரே எடுத்தார். "சந்தை மூடினா மழைத்தண்ணி எங்க தம்பி போகும்? மண்ணு மண்ணாத்தான் இருக்கணும்" என்று எனக்குப் புத்திமதி சொன்னார்.

இதைப் படித்துவிட்டு, நமக்கும் ஒரு சந்து இருக்கிறதே என்று யாராவது கிளம்பினால், இரண்டு வார்த்தை. கிழங்கைக் காட்டிலோ வேலியோரத்திலோ போய்த் தோண்டாதீர்கள். மருந்துக்காகத் தோண்டித் தோண்டித்தான் பல இடங்களில் அது குறைந்துபோயிற்று. உயிர்வேலிகளை எடுத்துவிட்டுக் கல்லுக்காலும் கம்பியும் போட்ட இடங்களில் மிச்சமும் போயிற்று. பயிர் செய்கிறவர்களிடமோ நர்ஸரியிலோ கேட்டு வாங்குங்கள். அடுத்தது, வீட்டில் சின்னக் குழந்தையோ, ஆடு மாடோ, நாயோ இருந்து, பூட்டிவைக்க இடம் இல்லையென்றால், ஆசையைத் தள்ளிப்போடுங்கள். யாராவது எதையாவது தின்றுவிட்டால் கை வைத்தியம் பார்த்து நேரத்தை வீணாக்க வேண்டாம். 'நல்லாத்தானே இருக்கான்' என்று காத்திருக்கவும் வேண்டாம். செடியின் ஒரு துண்டைப் பையில் போட்டு எடுத்துக்கொண்டு, அந்த நிமிஷமே பெரிய ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டியதுதான்.

பூத்திருந்த அந்த நாட்களில் அப்பத்தா தினமும் விடியற்காலையில் தனியாகவும் ஒருமுறை இறங்கி வருவார். பையன் எழுந்திருக்கும் முன். கேட்டைத் திறக்க மாட்டார். கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பார். நான் பால் வாங்கப் போகும்போது பார்ப்பேன். பேச்சுக் கொடுக்க மாட்டேன். ஒருநாள் அவராகவே, "அறுவது வருசத்துக்கு மேல ஆச்சு தம்பி, இதை நான் ஏறெடுத்துப் பாத்து. வேலியோரம் போனா மொகத்தைத் திருப்பிக்கிட்டுத்தான் போவேன்" என்றார். அப்புறம், "நல்ல செவப்புல்ல?" என்றார்.

மார்கழி பிறந்ததும் இலைகள் மஞ்சளாயின. கொடி சருகாகி விழுந்த அன்றைக்குப் பையன் பள்ளிக்கூடம் விட்டு வந்து கம்பி வழியாகப் பார்த்தான். உதடு பிதுங்கிவிட்டது.

"மாமா, காந்தள் செத்துப்போச்சா?"

நான் வாயைத் திறப்பதற்குள் பின்னாலிருந்து அப்பத்தா குரல் வந்தது: "சாகலைடா. தூங்குது. சத்தம் போடாத."

தை மாசம் முழுக்க அவன் அந்தச் சந்தைக் கடக்கும்போதெல்லாம் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டுதான் போனான். ஹவுஸ் ஓனர்கூட அந்த மாசம் வாடகைக்கு வந்தபோது ஸ்கூட்டரைத் தெருமுனையிலேயே நிறுத்திவிட்டு, ஹாரன் அடிக்காமல் நடந்து வந்தார்.